பத்துப் பேர் கூடாத பள்ளி



இந்தச் சொற்பொழிவின் தலைப்பைச் சொன்னதும் அழைப்பிதழை அச்சுக்குக் கொடுத்தவர் தொலைபேசியில் கேட்டார்: "நம்ம பொன்னமராவதிக்கும் யூதர்களுக்கும் என்னங்கய்யா சம்பந்தம்?" நியாயமான கேள்விதான். இந்த ஊரில் யூதர் தெரு கிடையாது. ஆனால் இது கடல் கடந்து போய்ப் பொருள் ஈட்டியவர்களின் ஊர். போன இடத்தில் முதலில் கோயில் கட்டி, பிறகு கடை போட்டவர்களின் ஊர். அந்தக் கோயில்களை விட்டுவிட்டு ஒருநாள் வெறுங்கையோடு திரும்பிவந்தவர்களின் ஊரும்கூட. பள்ளி எனப்படும் யூதத் தொழுகைக்கூடம் ஒன்றைப் பற்றிப் பேசுவதற்கு இதைவிடப் பொருத்தமான சபை எனக்கு அமையாது.

பக்கத்திலேயே தொடங்குகிறேன். பிரான்மலைக் கோயிலில் வணிகர்கள் வெட்டிவைத்த கல்வெட்டு ஒன்று இருக்கிறது. 13ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. திசையாயிரத்து ஐந்நூற்றுவர் என்ற பெரிய வணிகக் குழு, உப்பு, நெல், பாக்கு, மிளகு, மஞ்சள், சுக்கு என்று ஒவ்வொரு சரக்குக்கும் பொதிக்கு இவ்வளவு என மகமை வைத்துக் கோயிலுக்குக் கொடுத்த ஏற்பாடு அது. நம் மாவட்டத்துக் கொடும்பாளூரை எடுத்துக்கொள்ளுங்கள். மூவர் கோயிலைப் பார்க்கத்தான் எல்லோரும் போகிறோம். ஆனால் கொடும்பாளூர் மணிக்கிராமம் என்ற வணிகக் குழுவின் பெயர் வெளியூர்க் கல்வெட்டுகளிலும் வருகிறது. இந்த மணிக்கிராமத்துக்கு ஒரு ஜோடி உண்டு. அதன் பெயர் அஞ்சுவண்ணம். தொண்டிக்கு அருகிலுள்ள தீர்த்தாண்டதானத்தில், 13ஆம் நூற்றாண்டுக் கல்வெட்டில், மணிக்கிராமத்தாரும் அஞ்சுவண்ணத்தாரும் ஒரே கூட்டத்தில் உட்கார்ந்திருக்கிறார்கள். மேற்கே அரபிக்கடல் வழியாக வந்த வணிகர்களின் குழு அஞ்சுவண்ணம். அதில் யூதர் இருந்தனர், கிறித்தவர் இருந்தனர், இஸ்லாமியரும் இருந்தனர். கீழைக் கடற்கரையில் பிற்பாடு அது பெரும்பாலும் இஸ்லாமிய வணிகரையே குறித்தது. கல்வெட்டறிஞர் எ. சுப்பராயலு இதைப்பற்றி விரிவாக எழுதியிருக்கிறார்.

இந்த இரண்டு பெயர்களும் ஒன்றாக வரும் மிகப் பழைய ஆவணம் கொல்லத்தில் கிடைத்த தரிசாப்பள்ளிச் செப்பேடு, கி.பி. 849. வேணாட்டு அய்யனடிகள் ஒரு கிறித்தவப் பள்ளிக்கு நிலமும் குடிகளும் உரிமைகளும் கொடுத்தார். அந்தக் கொடைக்குக் காவலாக நின்றவர்கள் அஞ்சுவண்ணத்தாரும் மணிக்கிராமத்தாரும். கடைசியில் சாட்சிக் கையெழுத்துகள். அங்கேதான் வேடிக்கை. சிலர் அரபு எழுத்தில் கையெழுத்திட்டிருக்கிறார்கள், சிலர் பாரசீகத்துப் பகலவி எழுத்தில். மற்றும் சிலர் பாரசீக மொழியை எபிரேய எழுத்தில் எழுதியிருக்கிறார்கள். அவர்கள் யூதர்கள். வட்டெழுத்துச் சாசனம் ஒன்றின் அடியில் எபிரேயக் கையெழுத்து! இன்றைக்குச் சார்பதிவாளர் அலுவலகத்தில் அப்படி ஒரு பத்திரத்தைக் கொண்டுபோய் நீட்டினால் என்ன ஆகும் என்று நினைத்துப் பாருங்கள்.

அதற்கு ஏறக்குறைய 150 ஆண்டுகள் கழித்து, கி.பி. 1000ஐ ஒட்டி, சேர மன்னர் பாஸ்கர ரவி இன்னொரு செப்பேடு கொடுத்தார். பெற்றவர் யோசேப்பு ரப்பான் என்ற யூத வணிகர். செப்பேட்டு எழுத்தில் அவர் 'இஸ்ஸுப்பு இரப்பான்' ஆகிவிடுகிறார். கொடுத்தது அஞ்சுவண்ணப் பதவியும் 72 உரிமைகளும். சுங்கம் கிடையாது. பகல்விளக்கு, நடைபாவாடை, பல்லக்கு, குடை, பறை, எக்காளம், தோரணம், தோரண விதானம் எல்லாம் வைத்துக்கொள்ளலாம். மற்ற குடிகள் அரண்மனைக்குச் செலுத்துவதை இவர்கள் செலுத்த வேண்டாம். மற்றவர்கள் பெறுவதை இவர்களும் பெறலாம். அவருக்குப் பிறகு மகன், மகள், மருமக்கள் எனச் சந்ததிக்கும் உண்டு. பட்டியலைக் கேட்கும்போது நம் ஊர்க் கோயில் மரியாதைகள் நினைவுக்கு வருகின்றன அல்லவா? பல்லக்கில் போவதும் குடை பிடிப்பதும் யாருக்கு உரியவை என்று அடிதடி நடந்த சமூகம் இது. அந்த மரியாதைகளைக் கடல் தாண்டி வந்த ஒருவருக்கு மன்னர் தூக்கிக் கொடுக்கிறார். ஏன்? அந்த நேரத்தில் ராஜராஜனின் படை சேர நாட்டை நெருக்கிக்கொண்டிருந்தது. பணமும் கப்பலும் உள்ளவரின் துணை மன்னருக்குத் தேவைப்பட்டிருக்கும் என்று வரலாற்றறிஞர் எம்.ஜி.எஸ். நாராயணன் கருதினார். எனக்கும் அது சரியென்றே படுகிறது. தாராள மனசுக்கு நெருக்கடியும் ஒரு காரணமாக இருப்பதுண்டு.

ரப்பான் பெற்ற அந்தச் செப்பேடுகள் இன்று இருக்கும் இடம் கொச்சி மட்டாஞ்சேரியில் உள்ள பரதேசி யூதப் பள்ளி. 2017 ஜூலையில் நம் பிரதமர் இஸ்ரேல் சென்றபோது அந்நாட்டுப் பிரதமருக்குப் பரிசாகக் கொடுத்தது இவற்றின் நகல்களைத்தான்.

பள்ளி கட்டப்பட்டது 1568இல். கொச்சி மன்னர் தம் அரண்மனையை ஒட்டியே இடம் கொடுத்தார். அரண்மனைக் கோயிலுக்கும் இதற்கும் நடுவில் ஒரு சுவர்தான். பகவதிக்கு அடிக்கும் மணி இங்கே கேட்கும். இங்கே ஓதுவது அங்கே கேட்கும். 1662இல் போர்த்துக்கீசியர் பள்ளிக்குச் சேதம் விளைவித்தார்கள். மறு ஆண்டு டச்சுக்காரர்கள் கொச்சியைப் பிடித்த பிறகு பழுதுபார்த்தார்கள். 18ஆம் நூற்றாண்டில் எசக்கியேல் ரஹபி என்ற பெருவணிகர், டச்சுக் கம்பெனிக்கு மிளகு பிடித்துக்கொடுத்தவர், 1760இல் மணிக்கூண்டு கட்டினார். அதன் முகப்புகளில் ஒன்றில் எபிரேய எண்கள், இன்னொன்றில் ரோமானிய எண்கள். தரைக்குச் சீனத்துக் கான்டனிலிருந்து கையால் நீலவண்ணம் தீட்டிய ஓடுகளைக் கப்பலில் வரவழைத்தார். ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஓடுகள். ஒன்றுபோல் ஒன்று இராது என்று வழிகாட்டிகள் சொல்வார்கள். அவர்களே இன்னொரு கதையும் சொல்வார்கள்: ஓடுகள் முதலில் மன்னருக்காக வந்தவையாம்; செய்முறையில் மாட்டு ரத்தம் சேர்கிறது என்று ஒரு யூதர் காதில் போட, மன்னர் வேண்டாமென்று தள்ள, ஓடுகள் பள்ளிக்கு வந்துவிட்டனவாம். வணிகர்களைப் பற்றி அக்கம்பக்கத்தார் எப்போதும் இப்படி ஒரு கதை வைத்திருப்பார்கள். நம் நாட்டுக்கோட்டை நகரத்தாரைப் பற்றியும் எத்தனை கேட்டிருக்கிறோம்.

உள்ளே போகச் செருப்பைக் கழற்றவேண்டும். உலகின் பெரும்பாலான யூதத் தொழுகைக்கூடங்களில் இந்த வழக்கம் இல்லை. கேரளத்து யூதர்கள் அக்கம்பக்கத்துக் கோயிலையும் மசூதியையும் பார்த்துப் பழகியது. வெறுங்காலோடு அந்த ஓட்டின்மேல் நின்றால் சித்திரை வெயிலிலும் குளுகுளுவென்று இருக்கும். மேலே பெல்ஜியம் கண்ணாடிச் சரவிளக்குகள், தேங்காயெண்ணெய் ஊற்றும் கண்ணாடிக் கிண்ண விளக்குகள். நடுவில் பித்தளைக் கம்பிகள் சூழ்ந்த ஒரு மேடை. வேதம் ஓதுகிறவர் நிற்கும் இடம். மாடியில் பெண்கள் பகுதி. அதன் முன்னால் இன்னொரு மேடை. கேரளப் பள்ளிகளில் மட்டும் காணப்படும் அமைப்பு. எதிர்ச்சுவரில் செதுக்கிய மரப்பேழை, அதற்குள் தோல்சுருள்களில் எழுதிய அவர்களின் வேதமான தோரா. திருவிதாங்கூர் மன்னர் கொடுத்த தங்கக் கிரீடமும் உண்டு. தோராவுக்குக் கிரீடம் சூட்டும் வழக்கம் யூதருக்கு உரியது. நகை இந்து மன்னருடையது.

1968இல் நானூறாவது ஆண்டு விழா. பிரதமர் இந்திரா காந்தி வந்தார். அஞ்சல் துறை 20 பைசாத் தபால்தலை வெளியிட்டது. அன்றைக்கே, பள்ளி இருக்கும் ஜூ டவுன் தெருவில் பல வீடுகள் காலி.

இங்கே ஒரு விதியைச் சொல்லவேண்டும். யூதர்களின் கூட்டுத் தொழுகைக்கு வயது வந்த ஆண்கள் பத்துப் பேர் வேண்டும். பத்துப் பேர் இல்லாவிட்டால் பேழையிலிருந்து தோராவை எடுத்து முறைப்படி ஓத முடியாது. இறந்தவர்க்கான வேண்டுதலையும் சொல்ல முடியாது. நம் கோயிலில் குருக்கள் ஒருவர் விளக்கேற்றினால் பூசை நடந்துவிடும். பக்தர் வராவிட்டாலும் சுவாமிக்கு நைவேத்தியம் ஆகிவிடும். அங்கே அப்படியில்லை. ஆள் வந்தால்தான் பள்ளி. மட்டாஞ்சேரியில் பத்துப் பேர் சேர்வது பல ஆண்டுகளுக்கு முன்பே நின்றுவிட்டது. வெளிநாட்டிலிருந்து யூதப் பயணிகள் வந்தால் அவர்களைச் சேர்த்துக்கொண்டு தொழுகை நடக்கும். மற்ற நாட்களில் நுழைவுச்சீட்டுக் கிழித்துக் கொடுக்கிறார்கள். 2019 ஆகஸ்டில் அந்தத் தெருவின் மிக மூத்த யூதப் பெண்மணி 96 வயதில் காலமானார். முதுமையில் அவரைப் பார்த்துக்கொண்டதும், அவருடைய கைத்தையல் கடையை நடத்தியதும் ஓர் இஸ்லாமியக் குடும்பம்.

இதுவரை சொன்னது சுற்றுலாப் புத்தகத்திலும் கிடைக்கும். கிடைக்காததுதான் நான் சொல்ல வந்தது.

கொச்சி வட்டாரத்தில் இருந்தது ஒரு யூதப் பள்ளியல்ல, எட்டு. மட்டாஞ்சேரியிலேயே ஒரே தெருவில் மூன்று: வடகோடியில் பரதேசி, நடுவில் தெக்கும்பாகம், தென்கோடியில் கடவும்பாகம். எர்ணாகுளத்தில் தெக்கும்பாகம், கடவும்பாகம் என்ற அதே பெயர்களில் இரண்டு. பறவூர், சேந்தமங்கலம், மாளா ஒவ்வொன்று. பரதேசிப் பள்ளி ஸ்பெயினிலிருந்தும் பாக்தாத், ஏமன் பக்கத்திலிருந்தும் பிற்காலத்தில் வந்தவர்களுடையது. மற்ற ஏழும் அதற்கு முன்பே பல நூற்றாண்டுகளாக அங்கே வாழ்ந்த மலபார் யூதர்களுடையவை. எண்ணிக்கையிலும் அவர்களே பெரும்பான்மை. 1940களின் இறுதியில் கொச்சி யூதர் மொத்தம் ஏறக்குறைய 2,500 பேர் என்றால், பரதேசிகள் நூறு சொச்சம்தான். அந்த நூறு பேர் மலபார் யூதர்களைக் 'கறுப்பு யூதர்' என்றார்கள், தங்களை 'வெள்ளை யூதர்' என்றார்கள். பெண் கொடுப்பதில்லை, எடுப்பதில்லை. சாதியை இங்கே வந்துதான் கற்றுக்கொண்டார்களா, கையோடு கொண்டுவந்தார்களா என்று ஆய்வாளர்கள் வாதிட்டுக்கொண்டிருக்கட்டும். கடைப்பிடித்ததில் குறையில்லை.

பரதேசிப் பள்ளிக்கு உள்ளேயே இன்னொரு படி இருந்தது. பரதேசிகளிடம் அடிமைகளாக இருந்து விடுதலை பெற்றவர்களின் வழிவந்த யூதர்கள் சிலர் அந்தச் சபையில் இருந்தார்கள். அதே வேதம், அதே ஓய்வுநாள், அதே விரதம். ஆனால் பெஞ்சில் உட்காரக் கூடாது. முன்னறையிலோ படியிலோதான் உட்காரவேண்டும். தோரா வாசிக்க அவர்களை அழைப்பதில்லை. கல்லறையிலும் தனி இடம்.

அந்தப் படியில் உட்கார்ந்தவர்களில் ஒருவர் ஏபிரகாம் பாரக் சேலம், 1882இல் பிறந்தவர். பெயரில் உள்ள சேலத்துக்கும் நம் மாம்பழச் சேலத்துக்கும் தொடர்பில்லை. சென்னைக்கு வந்து பட்டம் பெற்று, சட்டமும் படித்தார். கொச்சி யூதர்களில் முதல் பட்டதாரி அவர்தான். வக்கீலானார், கொச்சிச் சட்டசபைக்குப் போனார், 1929இல் லாகூர் காங்கிரசுக்குப் போய் வந்தார். ஊரில் தொழிலாளர்களுக்காகப் பேசினார். ஆனால் சனிக்கிழமை காலையில் பள்ளிக்குப் போனால் அவருக்குப் படிதான். சட்டசபையில் நாற்காலி உண்டு, சாமி முன்னால் கிடையாது.

சேலம் காந்தியின் வழியைக் கையில் எடுத்தார். பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு பள்ளிக்கு உள்ளேயே சத்தியாக்கிரகம் செய்தார். வைக்கத்தில் கோயிலைச் சுற்றிய தெருவில் நடக்க 1924இல் போராட்டம் தொடங்கி, ஈ.வெ.ரா. அங்கே போய்ச் சிறைப்பட்டதை நாமெல்லாம் படித்திருக்கிறோம். அதே மண்ணில், அதே காலகட்டத்தில், ஒரு யூதர் தம் சொந்தச் சபைக்குள் அதே போராட்டத்தை நடத்தியதை நம் பாடப்புத்தகம் சொல்வதில்லை. 'யூத காந்தி' என்று பிற்பாடு பெயர் வந்தது. தடைகள் ஒரே நாளில் விழவில்லை. 1930களிலும் 40களிலும் ஒவ்வொன்றாகத் தளர்ந்தன. பெஞ்சில் இடம் கிடைத்தது, பிறகு வாசிக்க அழைப்பு வந்தது. அப்போதும் அவருடைய மகன் பரதேசி வீட்டுப் பெண் ஒருவரை மணக்க விரும்பியபோது கல்யாணத்தைப் பம்பாய்க்குப் போய்த்தான் நடத்தவேண்டியிருந்தது.

இஸ்ரேல் உருவானதும் மலபார் யூதர்கள் ஊர் ஊராகப் புறப்படத் தயாரானார்கள். வீட்டை விற்றுவிட்டுக் காத்திருந்தவர்களை இஸ்ரேல் அரசு உடனே எடுத்துக்கொள்ளவில்லை. காரணம் யானைக்கால் நோய். கொச்சியில் அது பரவலாக இருந்தது. தங்கள் நாட்டுக்கும் வந்துவிடுமோ என்ற பயம். அவர்களுக்காக இஸ்ரேல் சென்று பேசியவர்களில் சேலமும் ஒருவர். 1953 முதல் 1955 வரை ஏழு பள்ளிகளின் மக்களும் பெரும்பாலும் போய்விட்டார்கள். சேலம் போகவில்லை. 1967இல் கொச்சியிலேயே இறந்தார்.

இனி அந்த ஏழு பள்ளிகளின் கதை. மட்டாஞ்சேரித் தெக்கும்பாகம் இடிக்கப்பட்டது. எர்ணாகுளத்துக் கடவும்பாகத்தின் முன்பகுதியில் அலங்கார மீனும் செடியும் விற்கும் கடை வந்தது. அந்தக் கடை இருந்ததால் கட்டடம் பிழைத்தது, கடைக்காரரும் யூதரே. மாளாப் பள்ளியை மக்கள் புறப்படும்போது பஞ்சாயத்திடம் ஒப்படைத்துவிட்டுப் போனார்கள். சேந்தமங்கலத்தையும் பறவூரையும் அரசு புதுப்பித்து அருங்காட்சியகமாக்கியிருக்கிறது. பறவூர் திறக்கப்பட்டது 2014இல். சேந்தமங்கலத்தில் 'இஸ்ரவேலின் மகள் சாராள்' என்று எபிரேயத்தில் வெட்டிய கல்லறைக்கல் இருக்கிறது, ஆண்டு 1269. இந்தியாவில் கிடைத்த மிகப் பழைய எபிரேயக் கல்வெட்டுகளில் ஒன்று. பிரான்மலை வணிகர் மகமை வைத்த அதே நூற்றாண்டு.

மட்டாஞ்சேரிக் கடவும்பாகம் 16ஆம் நூற்றாண்டுக் கட்டடம். பரதேசிப் பள்ளியைவிட மூத்தது. அதன் மரக்கூரையும் செதுக்கு வேலையும் கழற்றி எடுக்கப்பட்டு ஜெருசலேமில் இஸ்ரேல் அருங்காட்சியகத்தில் பொருத்தப்பட்டன. பேழை வேறொரு குடியிருப்புக்குப் போனது. மிச்சமிருந்த சுவர்கள் கொச்சியில் சரக்குக் கிடங்காகக் காலம் தள்ளின. 2019 செப்டம்பர் மழையில் முகப்பு சரிந்தது. அதே தெருவின் மறுகோடியில் அன்றும் நுழைவுச்சீட்டு விற்பனை நடந்தது.

நூறு பேருடைய பள்ளி, இரண்டாயிரம் பேருடைய நினைவுக்கும் சேர்த்துச் சின்னமாகிவிட்டது. பரதேசிகள் கடைசிவரை அங்கேயே இருந்தார்கள், அவர்களிடம் பணமும் அரண்மனைச் செல்வாக்கும் இருந்தன, ஆகவே கட்டடம் நின்றது. நின்ற கட்டடம் முழுக் கதைக்கும் சொந்தம் கொண்டாடுகிறது. யோசேப்பு ரப்பானின் செப்பேடுகூட அங்கேதான் இருக்கிறது. அவருக்குப் பல நூற்றாண்டுகள் கழித்து வந்தவர்கள் வசம். நான் அந்தப் பள்ளியைக் குறைசொல்லவில்லை. இன்று போனாலும் மணிக்கணக்கில் உட்கார்ந்து பார்ப்பேன். ஆனால் பெல்ஜியம் விளக்கைப் பார்ப்பவர்கள் சேலம் உட்கார்ந்த படியையும் கேட்டு வாங்கிப் பார்க்கவேண்டும். செட்டிநாட்டு மாளிகையில் இத்தாலியப் பளிங்கையும் பர்மாத் தேக்கையும் காட்டுகிறோம். பின்கட்டில் யார் உட்கார்ந்தார்கள், யார் வாசலோடு நின்றார்கள் என்பதைக் காட்டுவதில்லை. அதே பழக்கம்தான்.

செட்டிநாட்டைச் சொன்னதும் ஒன்று நினைவுக்கு வருகிறது. ஜூ டவுன் தெருவில் யூதர் வீடுகள் பலவும் இன்று பழம்பொருள் கடைகள். உள்ளே நுழைந்தால் நம் பக்கத்துச் சாமான்கள் கிடக்கின்றன: தேக்குத் தூண், சித்திரவேலை நிலைக்கதவு, எனாமல் கூஜா, ரவிவர்மா படம். ஒரு கடையில் நிலைக்கதவின் மேல் உத்தரத்தில் கஜலட்சுமி. மஞ்சள் குங்குமம் வைத்த தடம்கூட அழியவில்லை. எந்த ஊர் என்று கேட்டேன். "காரைக்குடி" என்றார் கடைக்காரர். காரைக்குடிப் பக்கத்து எந்த ஊரானாலும் வெளியூர்க் கடையில் அது காரைக்குடிதான். பொன்னமராவதியாகவும் இருக்கலாம். புறப்பட்டுப் போன ஒரு சமூகத்தின் வீட்டில், புறப்பட்டுக்கொண்டிருக்கும் இன்னொரு சமூகத்தின் வீடு விலைக்குக் கிடக்கிறது.

இரு சமூகமும் ஒரே இடத்தில் தங்குவது புதிதல்ல. சென்னைப் பவளக்காரத் தெரு தெரியுமல்லவா? 17ஆம் நூற்றாண்டில் லண்டன், ஆம்ஸ்டர்டாம் பக்கத்துப் போர்த்துக்கீசிய யூதர்கள் மத்தியதரைக் கடல் பவளத்தைக் கொண்டுவந்து விற்று, கோல்கொண்டா வைரம் வாங்கிப்போன வணிகத்தின் பெயர் அது. அவர்களில் ஜாக்கஸ் டி பைவா வைரச் சுரங்கத்துக்குப் போய் நோயோடு திரும்பி, 1687இல் சென்னையிலேயே இறந்தார். மறு ஆண்டு தொடங்கிய சென்னை மாநகராட்சியின் முதல் மன்றத்தில் யூதர்களும் இருந்தார்கள். அவர்கள் போன பிறகு பவளக்காரத் தெருவில் குடியேறிக் கொடுக்கல் வாங்கல் நடத்தியவர்கள் நகரத்தார்.

ரங்கூனிலும் அப்படித்தான். 'முகல் தெருவில் கடை' என்றால் இந்தச் சபையில் சிலருக்காவது தாத்தா சொன்ன கதைகள் நினைவுக்கு வரும். செட்டியார் பேட்டையின் இதயம் அது. அங்கிருந்து சில தெருக்கள் தள்ளி, 26ஆம் தெருவில், பாக்தாதி யூதர்கள் 1890களில் கட்டிய முஸ்மியா யேசுவா பள்ளி நிற்கிறது. உயரமான கூரை, தூண் வரிசை, நீலமும் வெள்ளையுமாய்க் கண்ணாடி. போருக்கு முன் பர்மாவில் யூதர்கள் ஏறக்குறைய 2,500 பேர். நகரத்தார் கையில் கீழ்ப் பர்மாவின் முக்கிய நெல் மாவட்டங்களில் 1938 வாக்கில் கால்பங்கு நிலம். 1942இல் ஜப்பான் படையெடுத்தபோது இருவருமே ஓடினார்கள். நம்மவர்கள் அரக்கான் வழியாகவும் மணிப்பூர் வழியாகவும் நடந்தே வந்தார்கள்; வழியில் செத்தவர்க்குக் கணக்கில்லை. போருக்குப் பின் திரும்பிப் போனவர்களையும் நிலச் சட்டமும், பிறகு நே வின் ஆட்சியின் தேசியமயமும் வெளியேற்றின. யூதப் பள்ளியை ஒரே குடும்பம் தலைமுறை தலைமுறையாக நாள்தோறும் திறந்து வைக்கிறது. பத்துப் பேர் சேர்வதில்லை, ஆனாலும் திறக்கிறார்கள். நம் தண்டாயுதபாணி கோயில்களில் பலவற்றுக்கும் அங்கேயே தங்கிவிட்ட தமிழர்கள் இன்றும் விளக்கேற்றுகிறார்கள். அவர்களில் பெரும்பாலோர் நகரத்தார் அல்லர்; வயலில் உழைக்கப் போனவர்களின் பேரப்பிள்ளைகள். கட்டியவர் ஒருவர், காப்பவர் இன்னொருவர். கல்கத்தாவில் 1884இல் கட்டிய மாகேன் டேவிட் பள்ளியைக் காப்பவர்களும் இஸ்லாமியப் பணியாளர்கள்தான்.

கட்டடத்தைக் காப்பாற்ற முடியாத இடத்தில் எதைக் காப்பாற்றலாம்? இதற்கும் யூதர்களிடம் ஒரு வழக்கம் இருக்கிறது. கடவுளின் பெயர் எழுதிய தாளைக் கிழிக்கவோ எரிக்கவோ கூடாது. பழசானால் பள்ளியின் ஓர் அறையில் போட்டுவைத்து, பிறகு புதைப்பார்கள். கெய்ரோவின் பென் எஸ்ரா பள்ளியில் புதைக்க மறந்துவிட்டார்கள். நூற்றாண்டுக் கணக்கில் தாள் சேர்ந்தது. எழுத்து இருந்தால் போதும் என்று வேதத்தோடு வியாபாரக் கடிதம், கடன் பத்திரம், பாத்திரக் கணக்கு எல்லாவற்றையும் போட்டுவிட்டார்கள். 1896–97இல் சாலமன் ஷெக்டர் அந்த அறைக்குள் இறங்கித் தூசியில் இருமிக்கொண்டே மூட்டை கட்டிக் கேம்பிரிட்ஜுக்குக் கொண்டுபோனார். ஒரு லட்சத்து தொண்ணூறாயிரத்துக்கும் மேற்பட்ட துண்டுகள். அதிலிருந்துதான் 12ஆம் நூற்றாண்டில் மங்களூரில் தங்கிப் பித்தளைப் பட்டறை நடத்திய ஏபிரகாம் பென் யிஜு என்ற யூத வணிகரை நமக்குத் தெரியும். மிளகு, பாக்கு, உடைந்த பாத்திரம், ஆஷு என்ற பெண்ணை அடிமைத்தனத்திலிருந்து விடுவித்த பத்திரம் வரை தெரியும். அமிதாவ் கோஷ் 1992இல் எழுதிய புத்தகம் இவரையும் இவருடைய அடிமையையும் தேடிப் போன கதை.

நாம் என்ன செய்தோம்? பழைய ஏட்டை ஆடிப்பெருக்கில் ஆற்றில் விட்டோம். அதுவும் மரியாதை என்று நினைத்துத்தான். உ.வே.சாமிநாதையர் தேடிப் போன இடங்களில் இந்தப் பதிலைக் கேட்டு மனம் நொந்திருக்கிறார்.

ஆனால் நம்மிடமும் ஒருவர் இருந்தார். கோட்டையூர் ரோஜா முத்தையா. பெயர்ப்பலகை எழுதுபவர். கிடைத்த தாளையெல்லாம் சேர்த்தார்: புத்தகம், பத்திரிகை, நாடக நோட்டீஸ், கல்யாணப் பத்திரிகை. வீட்டையே நிரப்பிவிட்டு 1992இல் காலமானார். சிகாகோ பல்கலைக்கழகம் வாங்கி, சேகரிப்பு நாட்டைவிட்டுப் போகாமல் சென்னையிலேயே 1994இல் நூலகமானது. கெய்ரோவில் மறதி செய்த வேலையைக் கோட்டையூரில் ஒரு மனிதர் தெரிந்தே செய்தார்.

மலபார் யூதப் பெண்கள் இதைக் கையெழுத்து நோட்டுகளில் செய்தார்கள். கல்யாணத்துக்கும் பண்டிகைக்கும் அவர்கள் பாடிய பாட்டுகள் மலையாளத்தில் அமைந்தவை. அவற்றில் பழந்தமிழ் வாசனையும் உண்டு. தாய் எழுதிய நோட்டை மகள் பார்த்து எழுதிக்கொள்வாள். 1950களில் பெட்டிக்குள் கூரைமரம் வைக்க முடியாது, நோட்டு வைக்கலாம். நெகேவ் பாலைவனத்து நெவாத்திம் குடியிருப்புக்கு அந்த நோட்டுகள் போயின. பேரப்பிள்ளைகளுக்கு மலையாளம் மறந்துகொண்டிருந்தபோது ஆய்வாளர்கள் தேடி வந்தார்கள். ஸ்கறியா சக்கரியாவும் ஓஃபிரா கம்லியேலும் 2005இல் 'கார்குழலி' என்ற பெயரில் மலையாளமும் எபிரேயமுமாக ஒரு தொகுப்பு வெளியிட்டார்கள். மட்டாஞ்சேரியில் முகப்பு சரிந்த கடவும்பாகத்தின் பெண்கள் பாடியவையும் இந்த மரபில் அடங்கும். பரதேசிப் பள்ளியின் சீட்டில் அந்தப் பாட்டுக்கு இடமில்லை.

இந்த ஊர் வீடுகளின் பெட்டகங்களில் ரங்கூன், மாந்தளே, பினாங்கு, சைகோன் கடைப் பேரேடுகள் இன்னும் இருக்கின்றன. முதலாளிக்கு மேலாள் எழுதிய கடிதம், அடுத்தாள் சம்பளச்சீட்டு, ஊருக்கு அனுப்பிய பணத்தின் குறிப்பு எல்லாம் அந்தக் கட்டில் கிடக்கும். கட்டைத் திறந்தால் கரப்பான் ஓடும், தாள் பொடிப்பொடியாக உதிரும். பழைய பேப்பர்காரர் கிலோவுக்கு இவ்வளவு என்பார், கொச்சிக் கடைக்காரர் பேரேட்டை விட்டுவிட்டுப் பெட்டகத்தை மட்டும் கேட்பார். கொடுப்பதற்கு முன்னால் வீட்டில் கைபேசி வைத்திருக்கும் பிள்ளை ஒருவரை உட்காரவைத்துப் பக்கம் பக்கமாகப் படம் எடுக்கச் சொல்லுங்கள். முதலாளியின் பெயரோடு அடுத்தாள், சமையலாள், பெட்டியடிப் பையன் பெயர்களும் அதில் வரும். அந்தப் பக்கங்களையும் விட்டுவிடாமல் எடுக்கச் சொல்லுங்கள்.